கால் புதைந்தால் யார் இழுப்பார்கள்? பெண்கள் சேர்ந்து போகும் பனிமலை நடை

சுங்கை சிப்புட்டில் இருக்கும் என் பெரியம்மாவுக்குக் கடந்த மாதம் ஒரு வாட்ஸ்அப் செய்தி வந்தது. கனடாவின் வான்கூவர் நகரில் படிக்கும் மகள் அனுப்பியிருந்தாள். "அம்மா, வர்ற ஞாயித்துக்கிழமை பனிமலையில நடக்கப் போறேன். பொம்பளைங்க மட்டும் போற குழு. ஸ்னோஷூ போட்டு நடக்கணும். பயப்படாதீங்க."

பயப்படாதே என்று சொன்னால்தான் பயம் வரும். மறுநிமிடமே பெரியம்மா என்னை அழைத்துவிட்டார். "நீதான் பேப்பர்ல எழுதுற பிள்ளையாச்சே, கொஞ்சம் விசாரிச்சுச் சொல்லும்மா. அங்க மலை பூரா பனியா கெடக்குமாம். கால் பொதைஞ்சிட்டா யாரு இழுப்பா?"

நல்ல கேள்வி. அதற்குப் பதில் தேடப் போய், தங்கையிடமும் பல முறை பேசி, தெரிந்துகொண்டவற்றை இங்கே தருகிறேன். பிள்ளைகளைக் குளிர் நாடுகளுக்குப் படிக்கவும் வேலைக்கும் அனுப்பியிருக்கும் குடும்பங்கள் நம்மிடையே நிறைய. பள்ளி விடுமுறைக்குப் பனி பார்க்கக் கிளம்பும் பெண்களும் கூடிவருகிறார்கள். அவர்களுக்கு இது பயன்படும்.

காலில் கட்டிய பலகை

நம் பேச்சில் விடியற்காலையில் புல்லில் நிற்கும் நீர்த்துளியும் பனிதான், கேமரன் மலையில் கண்ணை மறைக்கும் மூட்டமும் பனிதான். குளிர்நாட்டு மலைகளில் விழும் பனி வேறு. அது தரைமேல் அடுக்கடுக்காகச் சேர்ந்து இடுப்பளவு, ஆளுயரம் என்று உயர்கிறது. பார்வைக்குக் கெட்டித் தரைபோல் தெரியும். சப்பாத்துக் காலை வைத்தால் முழங்கால்வரை இறங்கிவிடும்.

செம்பனைத் தோட்டத்தில் வேலை செய்தவர்களுக்கு இதற்கு வழி தெரியும். சேற்றைக் கடக்கப் பலகை போடுவோம். உடம்பின் பாரம் பலகை முழுவதும் பரவுவதால் கால் இறங்காது. ஸ்னோஷூ என்பது காலோடு கட்டிக்கொண்டு போகும் பலகை, அவ்வளவுதான்.

ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பார்க்கலாம். 60 கிலோ எடையுள்ள பெண்ணின் ஒரு சப்பாத்தின் அடிப்பரப்பு 200 சதுர சென்டிமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். ஒற்றைக் காலில் பாரம் விழும்போது ஒவ்வொரு சதுர சென்டிமீட்டரிலும் 300 கிராம் அழுத்துகிறது. 1,000 சதுர சென்டிமீட்டர் பரப்புள்ள ஸ்னோஷூவைக் கட்டினால் அது 60 கிராமாகக் குறைகிறது, அதாவது ஐந்தில் ஒரு பங்கு. கால் கொஞ்சம் இறங்கும், ஆனால் புதையாது. எடைக்குத் தக்கபடி ஸ்னோஷூவின் அளவு மாறுவதற்கும் இதுவே காரணம். முதுகுப் பையின் எடையையும் சேர்த்துத்தான் அளவு பார்க்க வேண்டும்.

இன்றைய ஸ்னோஷூக்கள் அலுமினியச் சட்டத்திலோ கெட்டிப் பிளாஸ்டிக்கிலோ செய்யப்படுகின்றன. நம் சப்பாத்தை அதன்மேல் வைத்து வாரால் இறுக்க வேண்டும். குதிகால் மேலெழும்பும்படி விட்டிருப்பார்கள், அதனால் இயல்பாகவே நடக்கலாம். அடியில் இரும்புப் பற்கள் இருக்கும். இறுகிய பனியில் வழுக்காமல் அவை கடித்துக்கொள்ளும்.

இது புதுப் பொருள் இல்லை. வட அமெரிக்காவின் க்ரீ, இன்னு, ஒஜிப்வே முதலிய பூர்வகுடிகள் மரத்தை வளைத்துச் சட்டம் செய்து, மான் இனத் தோலைக் கீற்றாக அறுத்து வலை பின்னி, பனிக்காலம் முழுவதும் இதில்தான் நடந்தார்கள், வேட்டைக்கும் போனார்கள். பல சமூகங்களில் சட்டத்தை வளைப்பது ஆண்களின் வேலை, வலையைப் பின்னுவது பெண்களின் வேலை. அந்தப் பின்னல் இல்லாமல் ஓர் அடிகூட எடுத்து வைக்க முடியாது.

சீமோர் மலை

வான்கூவர் நகருக்கு வடக்கே, கடலை ஒட்டி எழும் மலைகளில் ஒன்று சீமோர். உச்சி 1,449 மீட்டர். 1936 முதல் மாகாணப் பூங்காவாக இருக்கிறது. நகரிலிருந்து காரில் ஏறக்குறைய அரை மணி நேரத்தில் போய்விடலாம். சாலையே சுமார் 1,000 மீட்டர் உயரம்வரை ஏறுகிறது. நகரில் மழை கொட்டும் அதே நேரத்தில் மேலே பனி விழுந்துகொண்டிருக்கும்.

அங்கே புதியவர்களுக்குப் பழக்கமான வழி டாக் மவுண்டன் பாதை. போகவர ஏறக்குறைய 5 கிலோமீட்டர். பெரிய ஏற்றம் கிடையாது, சிறுசிறு மேடுபள்ளங்கள்தான். உயர்ந்த ஹெம்லாக் மரங்களுக்கு நடுவே போய், உறைந்து கிடக்கும் ஒரு சின்ன ஏரியைத் தாண்டி, கடைசியில் ஒரு பாறைமேட்டில் முடிகிறது. வானம் தெளிந்திருந்தால் கீழே நகரமும் கடல்நீரும் தெரியும்.

பத்துமலையின் 272 படிகளை ஏறி இறங்கிப் பழகியவர்களுக்கு இந்த ஏற்றம் சமாளிக்கக்கூடியதே. ஆனால் நேரக் கணக்கு வேறு. தரையில் 5 கிலோமீட்டரை ஒன்றேகால் மணி நேரத்தில் நடந்துவிடுவோம். பனியில் புதியவர்களுக்கு இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். டிசம்பரில் வான்கூவரில் மாலை நாலேகால் மணிக்கே சூரியன் மறைந்துவிடும். எனவே காலையில் கிளம்ப வேண்டும். பகல் நடையானாலும் பையில் தலைவிளக்கு இருக்க வேண்டும்.

'ஏன் பொம்பளைங்க மட்டும்?'

பெரியம்மாவின் அடுத்த கேள்வி இது. "நாலு ஆம்பளைங்க கூட இருந்தா ஒத்தாசையா இருக்காதா?"

இதைத் தங்கையிடம் கேட்டபோதுதான், அதுவரை வீட்டில் சொல்லாத ஒன்றை அவள் சொன்னாள். போன வருடம் உடன் படிக்கும் நண்பர்களோடு அவள் ஒரு மலைக்குப் போயிருக்கிறாள். வழிகாட்டியோ ஸ்னோஷூவோ இல்லை, சாதாரணச் சப்பாத்துதான். பாதி வழியில் இடது கால் விரல்கள் மரத்துப் போயின. எல்லாரும் வேகமாகப் போய்க்கொண்டிருந்தார்கள். "நான் சொன்னா அவங்க நிக்கணும்க்கா. என்னால எல்லாருக்கும் லேட்டாயிடுமேன்னு பேசாம நடந்தேன்." காருக்குத் திரும்பிச் சப்பாத்தைக் கழற்றிப் பார்த்தபோது இரண்டு விரல்கள் மெழுகுபோல் வெளுத்திருந்தன. நல்ல வேளையாக, சூடு பட்டதும் உணர்ச்சி திரும்பியது. இன்னும் ஒரு மணி நேரம் தாமதித்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று சொல்ல முடியாது.

(இதை எழுதலாமா என்று கேட்டேன். "அம்மாகிட்ட நீங்களே பக்குவமா சொல்லிட்டு எழுதுங்க" என்றாள். சொல்லிவிட்டேன்.)

பனிமலையில் வரும் ஆபத்துகளில் பல, சின்னதாக இருக்கும்போதே சொல்லிவிட்டால் தீர்ந்துவிடுபவை. கால் குளிர்கிறது, வார் தளர்ந்துவிட்டது, மூச்சு வாங்குகிறது, இந்தச் சரிவு பயமாக இருக்கிறது. இவற்றைச் சொல்ல ஒரு நிமிடம் போதும். சொல்லாமல் விட்டால் அரை மணியில் அது வேறு கதையாகிவிடும்.

அனுபவசாலிகளுக்கும் இது பொருந்தும். அமெரிக்காவில் 1972 முதல் 2003 வரை நிகழ்ந்த 715 பனிச்சரிவு விபத்துகளை ஆராய்ந்து இயன் மெக்கேமன் என்பவர் 2004-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார். ஆபத்தைக் காட்டும் அறிகுறிகள் கண்ணெதிரே இருந்தும் மனிதர்கள் ஏன் நடையைத் தொடர்ந்தார்கள் என்பதே அவருடைய கேள்வி. மற்றவர்கள் தன்னை மெச்ச வேண்டும் என்ற ஆசை, முன்னே போகிறவருக்கு எல்லாம் தெரியும் என்ற நம்பிக்கை ஆகியவற்றை அவர் காரணங்களில் சேர்த்தார். பயிற்சி பெற்றவர்களும் இந்தப் பொறியில் சிக்கியிருக்கிறார்கள்.

பெண்களுக்கென்று நடத்தப்படும் தொடக்கநிலை நடைகளின் பயன் இங்கேதான் தெரிகிறது. ஆண்கள் கெட்டவர்கள் என்று யாரும் சொல்லவில்லை. புதியவர்கள் மட்டுமே உள்ள சிறிய குழுவில் 'நான் பின்தங்குகிறேன்' என்ற கூச்சம் குறைகிறது. கழிப்பறை, மாதவிலக்கு பற்றியெல்லாம் வாய்விட்டுக் கேட்க முடிகிறது. அளவு சரியில்லாத உடையை மாட்டிக்கொண்டு சமாளிக்க வேண்டியதில்லை.

பெண்கள் தங்களுக்கென்று குழு அமைத்து மலைக்குப் போவதும் இன்று தொடங்கியதன்று. ஜப்பானின் ஜுன்கோ தாபெய் 1969-இல் பெண்களுக்கான மலையேற்றச் சங்கம் ஒன்றைத் தொடங்கினார். 1975-இல் பெண்கள் குழுவோடு எவரெஸ்டுக்குச் சென்றார். வழியில் முகாமின்மேல் பனிச்சரிவு விழுந்து அவரைப் புதைத்தது. உடன் சென்ற ஷெர்ப்பாக்கள் தோண்டி எடுத்தார்கள். பன்னிரண்டு நாள் கழித்து, மே 16-ஆம் தேதி, எவரெஸ்ட் உச்சியில் கால் வைத்த முதல் பெண் ஆனார். அப்போது அவர் ஒரு குழந்தைக்குத் தாய்.

பனிமலை நம்மவர்களுக்கும் முழுக்க அந்நியமில்லை. 1997 மே 23-இல் எவரெஸ்டில் ஏறிய முதல் மலேசியர்கள் எம். மகேந்திரனும் என். மோகனதாசும்தான். பெரியம்மாவுக்கு அந்தப் பெயர்கள் நினைவிருந்தன. "அவங்க ரெண்டு பேரும் எத்தன வருசம் பழகிட்டுப் போயிருப்பாங்க" என்றார். அதுவும் சரிதான். பழக்கம் எங்கிருந்தாவது தொடங்க வேண்டும் அல்லவா?

நடை எப்படி நடக்கும்?

வழிகாட்டியுடன் போகும் தொடக்கநிலை நடை, தோட்டத்துப் பெரட்டு மாதிரிதான் ஆரம்பமாகிறது. கார் நிறுத்துமிடத்தில் எல்லாரும் கூடுவார்கள். வழிகாட்டி தலைக்கணக்கு எடுப்பார், பெயர் கேட்பார், உடம்புக்கு ஏதாவது உண்டா என்று விசாரிப்பார். பிறகு ஒவ்வொருவர் சப்பாத்தையும் கையுறையையும் பார்ப்பார்.

அடுத்து ஸ்னோஷூ கட்டும் பாடம். வாரை இறுக்கமாகக் கட்ட வேண்டும், ஆனால் கால் விரல்களுக்கு இரத்த ஓட்டம் தடைபடக் கூடாது. கட்டியதும் சமதளத்தில் கொஞ்சம் நடந்து பழகுவார்கள். காலை வழக்கத்தைவிடச் சற்று அகட்டி வைக்க வேண்டும், இல்லாவிட்டால் ஒரு சட்டத்தை மற்றொரு சட்டம் மிதித்துவிடும். பின்னோக்கி நடக்கக் கூடாது. வால்பகுதி பனியில் குத்தி ஆளைச் சாய்த்துவிடும். திரும்ப வேண்டுமென்றால் சிறு வட்டமடித்துத் திரும்ப வேண்டும். மேட்டில் ஏறும்போது முன்பாதத்தைப் பனியில் உதைத்துப் படிபோல் பதிக்க வேண்டும். இறங்கும்போது முழங்காலைச் சற்று மடக்கி, பாரத்தை ஸ்னோஷூவின் பற்கள்மேல் வைத்து, அவசரப்படாமல் அடியெடுக்க வேண்டும்.

விழுவதும் பாடத்தில் அடக்கம். விழுந்தவர் பக்கவாட்டில் புரண்டு, முழங்காலில் ஊன்றி எழ வேண்டும். கைத்தடிகள் இரண்டையும் பனிமேல் படுக்க வைத்து அவற்றின்மேல் கையை ஊன்றினால் கை புதையாது. பெரியம்மாவின் கேள்விக்கு முதல் பதில் இதுதான். கால் புதைந்தால் பெரும்பாலும் நீங்களே எழுந்துவிடலாம். அதைத்தான் முதலில் சொல்லித் தருகிறார்கள்.

பிறகு வரிசையாகக் கிளம்புவார்கள். வழிகாட்டி முன்னே போவார். கடைசியில் அனுபவமுள்ள இன்னொருவர் வருவார், அவருக்குப் பின்னால் யாரும் இருக்கக் கூடாது. நடையின் வேகத்தைத் தீர்மானிப்பது குழுவில் மெதுவாக நடப்பவர். முதல் பத்துப் பதினைந்து நிமிடத்தில் ஒரு முறை நிறுத்துவார்கள். அது ஓய்வுக்காக அன்று, சட்டையைக் கழற்றுவதற்காக.

குளிரைவிட வியர்வை மோசம்

பனிமலைக்கு எவ்வளவு கனமாக உடுத்துகிறோமோ அவ்வளவு நல்லது என்றுதான் நாம் நினைப்போம். ஆனால் மேட்டில் பத்து நிமிடம் நடந்தால் உடம்பு வியர்த்துவிடும். நின்றதும் அந்த ஈரம் உடம்புச் சூட்டை இழுத்துக்கொண்டு போகும். அதனால்தான் கிளம்பும்போது லேசாகக் குளிர வேண்டும் என்கிறார்கள் வழிகாட்டிகள்.

உடை மூன்று அடுக்கு. உடம்பை ஒட்டி மெல்லிய கம்பளி அல்லது பாலியெஸ்டர் உள்ளாடை, அது வியர்வையை வெளியே கடத்தும். அதன்மேல் சூட்டைப் பிடித்து வைக்கும் கம்பளிச் சட்டை. எல்லாவற்றுக்கும் மேலே காற்றும் நீரும் புகாத மேலங்கி. நடக்கும்போது கழற்ற வேண்டும், நின்றதும் உடனே போட வேண்டும்.

பருத்தி கூடாது. நம் ஊருக்குப் பருத்திதான் உகந்தது, ஆனால் நனைந்த பருத்தி பனியில் சூட்டைக் காக்காது. ஜீன்ஸும் பருத்திதான். வான்கூவர் பக்கத்துப் பனி ஈரம் மிகுந்தது, சில நாள் மழையாகவே விழும். அங்கே வெப்பம் சுழியத்தை ஒட்டி இருந்தால்கூட, நனைந்தவருக்குக் குளிர் எலும்பில் ஏறும்.

காலுறை ஒரு ஜோடி, கனமான கம்பளியில். இரண்டு ஜோடி திணித்தால் சப்பாத்து இறுகி, இரத்த ஓட்டம் குறைந்து, கால் இன்னும் குளிரும். நம் பெண்கள் கவனிக்க வேண்டியது மெட்டி. கனத்த காலுறைக்குள் மெட்டி உரசினால் கொப்புளம் போடும். மோதிரம் வீங்கிய விரலில் இறுகிக்கொள்ளும், வளையல் கையுறைக்குள் காற்று புக இடம் கொடுக்கும். இவற்றை வீட்டில் கழற்றி வைத்துவிட்டுப் போவது நல்லது. தாலிச் சங்கிலியை உடைக்குள் போட்டுக்கொண்டால் தொந்தரவில்லை.

கறுப்புக் கண்ணாடியும் வெயில் களிம்பும் அவசியம். புதுப் பனி புற ஊதாக் கதிர்களில் 80 விழுக்காடுவரை திருப்பி அனுப்பக்கூடியது என்று உலகச் சுகாதார நிறுவனம் கூறுகிறது. மேலிருந்தும் கீழிருந்தும் வெயில் அடிப்பது மாதிரி. நம் தோல் கறுப்பாக இருந்தாலும் கண்ணுக்குப் பாதுகாப்பு தேவை.

சொல்லக் கூச்சப்படும் விஷயங்கள்

வழியில் கழிப்பறை இருக்காது. அதற்குப் பயந்து பல பெண்கள் காலையிலிருந்தே தண்ணீர் குடிப்பதில்லை. இது தவறு. குளிரில் தாகம் தெரியாவிட்டாலும், ஒவ்வொரு மூச்சிலும் உடம்பு நீரை இழக்கிறது. நீர் குறைந்தால் சோர்வும் தலைவலியும் வரும், குளிரைத் தாங்கும் சக்தியும் குறையும். கிளம்புமுன் கழிப்பறைக்குப் போய்விட்டு, வழியில் சிறிது சிறிதாகக் குடியுங்கள். ஃபிளாஸ்கில் சூடான மைலோவோ இஞ்சித் தேநீரோ இருந்தால் இன்னும் நல்லது. இடையில் போக வேண்டியிருந்தால் வழிகாட்டியிடம் சொல்லலாம். பாதையிலிருந்தும் நீர்நிலையிலிருந்தும் தள்ளி ஓர் இடம் காட்டுவார். ஆனால் பார்வைக்கு எட்டாத தூரத்துக்குத் தனியாகப் போகக் கூடாது.

மாதவிலக்கு நாளிலும் நடக்கலாம். நேப்கினையும் காகிதத்தையும் பனியில் புதைக்கக் கூடாது. வெயில்காலத்தில் பனி உருகும்போது எல்லாம் வெளியே வந்துவிடும். இறுக மூடும் பையில் போட்டுத் திரும்பக் கொண்டுவர வேண்டும்.

இனிப்புநீர் உள்ளவர்கள் கட்டாயம் முன்கூட்டியே சொல்ல வேண்டும். காலில் உணர்ச்சி குறைந்திருந்தால் விரல் மரத்துப்போவது அவர்களுக்குத் தெரியாது. இன்சுலின் உறையவிடக் கூடாது, உடம்பை ஒட்டிய பையில் வைக்க வேண்டும். ஆஸ்துமா உள்ளவர்களுக்குக் குளிர்காற்றே இழுப்பைத் தூண்டலாம், மருந்துக் குழலையும் மேலங்கிக்குள் வையுங்கள். இரத்தச் சோகை உள்ளவர்களுக்குக் குளிர் அதிகமாகத் தெரியும். இருதயக் கோளாறு, இரத்த அழுத்தம், கர்ப்பம் என்றால் முதலில் மருத்துவரைக் கேளுங்கள்.

நான்கு அறிகுறிகள்

உடம்பின் உள்வெப்பம் 35 பாகைக்குக் கீழே இறங்கினால் அது ஆபத்தான நிலை. அதற்குமுன் உடம்பு எச்சரிக்கும். தடுமாறி நடப்பது, ஜிப்பைப் போட முடியாமல் கை தடவுவது, வார்த்தை குழறி முணுமுணுப்பது, காரணமில்லாமல் சிடுசிடுப்பது ஆகிய நான்கும்தான் அந்த எச்சரிக்கைகள். இந்த நிலைக்குப் போனவருக்குத் தன் நிலை தெரியாது. "எனக்கு ஒண்ணுமில்ல" என்றுதான் சொல்வார். அதனால் பக்கத்தில் நடப்பவர்தான் கவனித்துச் சொல்ல வேண்டும். நல்ல குழுக்களில் இரண்டிரண்டு பேராக ஜோடி சேர்த்துவிடுவார்கள்.

அப்படி ஒருவரைக் கண்டால் நடையை நிறுத்தி, ஈர உடையை மாற்றி, காற்றிலிருந்து மறைத்து, விழுங்கும் தெளிவு இருந்தால் சூடான இனிப்புப் பானம் கொடுக்க வேண்டும். மது கொடுக்கவே கூடாது. அது சூடு ஏறுவதுபோல் தோன்ற வைத்து உள்வெப்பத்தைக் குறைத்துவிடும். வெளுத்த விரலைத் தேய்க்கவும் கூடாது. அக்குளிலோ இன்னொருவரின் வயிற்றிலோ வைத்து மெல்லச் சூடேற்ற வேண்டும்.

பனிச்சரிவும் மரக்குழியும்

பெரியம்மா தொலைக்காட்சியில் பார்த்துப் பயந்தது பனிச்சரிவை. அந்தப் பயத்தில் நியாயம் உண்டு. பலகைபோல் பெயர்ந்து வரும் பனிச்சரிவுகள் பெரும்பாலும் 30 முதல் 45 பாகைச் சரிவுகளில் கிளம்புகின்றன. நம் வீட்டு மாடிப்படியின் சரிவும் அதைவிடச் செங்குத்தானதும் என்று வைத்துக்கொள்ளலாம். புதையுண்டவரை முதல் பத்து நிமிடத்துக்குள் எடுத்தால் பிழைக்க நல்ல வாய்ப்பு உண்டு, அதன்பின் வாய்ப்பு வேகமாகக் குறைகிறது. எனவே ஆபத்தான நிலப்பகுதிக்குப் போகிறவர்கள் சமிக்ஞைக் கருவி, துழாவும் கம்பி, மண்வாரி மூன்றையும் எடுத்துச் செல்கிறார்கள், அவற்றைக் கையாளப் பயிற்சியும் பெறுகிறார்கள்.

தொடக்கநிலை நடைகளின் பாதுகாப்பு, அத்தகைய சரிவுகளின் மேலும் அடியிலும் போகாமல் இருப்பதில்தான் உள்ளது. அவலாஞ்ச் கனடா என்ற அமைப்பு குளிர்காலத்தில் நாள்தோறும் பனிச்சரிவு முன்னறிவிப்பு வெளியிடுகிறது. அபாயத்தை 1 முதல் 5 வரை அளவிடுகிறார்கள். 3 என்று போட்டிருந்தால் 'பாதிதானே' என்று நினைக்கக் கூடாது. மனிதர் மிதித்தே சரிவைக் கிளப்பிவிடக்கூடிய நிலை அது.

இன்னோர் ஆபத்து நமக்குப் புதிது. ஊசியிலை மரங்களின் தாழ்ந்த கிளைகள் பனியைத் தாங்கிக்கொள்வதால், அடிமரத்தைச் சுற்றி உள்ளுக்குள் குழி இருக்கும். மேலே பொலபொலப்பான பனி மூடியிருப்பதால் தெரியாது. தலைகீழாக விழுந்தால் தானாக வெளியே வருவது மிகக் கடினம், மூச்சுத் திணறும். இங்கேதான் பெரியம்மாவின் கேள்விக்கு முழு அர்த்தம் கிடைக்கிறது. இழுப்பதற்குப் பக்கத்தில் ஒருவர் இருந்தே ஆக வேண்டும். கிளைகளுக்கு அடியில் போகக் கூடாது, ஜோடியின் கண்பார்வையை விட்டு விலகக் கூடாது. உறைந்த ஏரியும் அப்படித்தான். வழிகாட்டி சொல்லாமல் அதன்மேல் கால் வைக்க வேண்டாம்.

பணம் கட்டுமுன் கேளுங்கள்

வழிகாட்டியின் தகுதி என்ன? கனடாவில் மலை வழிகாட்டிகளுக்கு 1963 முதல் தேசியச் சங்கம் உண்டு, அது பயிற்சியும் தரச் சான்றும் தருகிறது. முதலுதவிப் பயிற்சி உண்டா?

ஒரு வழிகாட்டிக்கு எத்தனை பேர்? கடைசியில் வருபவர் யார்?

ஸ்னோஷூவும் கைத்தடியும் கட்டணத்தில் அடங்குமா? சப்பாத்து வாடகைக்குக் கிடைக்குமா?

எத்தனை மணிக்குத் திரும்புவார்கள்? உச்சியைப் பார்க்காவிட்டாலும் அந்த நேரத்துக்குத் திரும்பிவிடுவார்களா?

வானிலை மோசமானால் பணம் திரும்ப வருமா, வேறு நாள் தருவார்களா? பணம் போய்விடுமே என்பதற்காக யாரும் மலை ஏறக் கூடாது.

சுற்றுலா போகிறவர்கள் பயணக் காப்பீடு பனி நடவடிக்கைகளுக்குப் பொருந்துமா என்று பார்த்துக்கொள்ளுங்கள். எங்கே போகிறோம், எப்போது திரும்புவோம் என்பதை வீட்டில் ஒருவரிடம் சொல்லிவிட்டுப் போங்கள். கனடாவில் அவசர எண் 911. சீமோர் பக்கத்து மலைகளில் தேடி மீட்பவர்கள் 1965 முதல் இயங்கும் நார்த் ஷோர் ரெஸ்கியூ தொண்டர்கள். மீட்புக்குப் பணம் கேட்பதில்லை. காசு கேட்பார்களோ என்று தயங்கி இருட்டும்வரை காத்திருக்க வேண்டாம் என்பதற்காகவே அதை அவர்கள் திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள்.

விடியற்காலை ஐந்து மணி

மலேசிய நேரம் குளிர்காலத்தில் வான்கூவரைவிட 16 மணி நேரம் முந்தியது. தங்கை ஞாயிறு காலை 9 மணிக்கு நடையைத் தொடங்கியபோது சுங்கை சிப்புட்டில் திங்கள் அதிகாலை 1 மணி. பெரியம்மா தூங்கவில்லை. ஐந்து மணிக்குக் கைப்பேசி ஒலித்தது. ஒரு காலத்தில் அவர் பெரட்டுக்குக் கிளம்பிய நேரம் அது. படத்தில் எட்டுப் பெண்கள், மூக்கெல்லாம் சிவந்து சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

"விரல் எப்படி இருக்கு?" இதுதான் அவர் கேட்ட முதல் கேள்வி.

ஏரியருகே மறுபடியும் விரல் குளிர்ந்ததாம். இந்த முறை உடனே சொல்லியிருக்கிறாள். எட்டுப் பேரும் நின்றார்கள். வழிகாட்டி வாரைத் தளர்த்தி, சப்பாத்தைத் திறந்து பார்த்து, வேறு காலுறை கொடுத்திருக்கிறார். ஐந்து நிமிடம்தான். அவள் சொன்ன பிறகு இன்னும் இரண்டு பேர், "எனக்கும்தான்" என்றார்களாம்.

இதைக் கேட்டுவிட்டுப் பெரியம்மா என்னிடம் சொன்னார்: "நாங்க இருட்டுல பால் வெட்டப் போறப்ப, நிரையில பாம்பைக் கண்டாலும் சரி, பயமா இருந்தாலும் சரி, ஒரு கூப்பாடு போடுவோம். அடுத்த நிரையில இருந்து யாராவது பதில் கொடுப்பாங்க. அந்த மாதிரிதானே இதுவும்?"

அந்த மாதிரிதான் பெரியம்மா.